ஏறாத டியூ

எங்கள் பிளாக்கில் பன்னிரண்டு வீடு. அதில் ஏழு வீட்டுக்காரர்கள் ஒரே கம்பெனியில் கடன் வாங்கியவர்கள். கட்டடம் கட்டியவனே அந்தக் கம்பெனி ஆளைக் கூட்டிவந்து, கீழே வண்டி நிறுத்துகிற இடத்தில் மேஜை போட்டு உட்காரவைத்துக் கையெழுத்து வாங்கினான். சிரித்த முகத்தோடு பணம் கொடுக்கிறவனை நான் நம்புவது கிடையாது. ஆனாலும் போட்டேன். மகன் அபிஷேக் பெயரில் கடன். எனக்கு ரயில்வே பென்ஷன் வருகிறதென்று என்னையும் கூடச் சேர்த்துக்கொண்டார்கள். இருபது லட்சம், இருபது வருஷம், மாசம் பதினைந்தாயிரத்து ஐந்நூறு டியூ. எதிர் வீட்டு முகமது இஸ்மாயிலும் அதே நாள், அதே மேஜையில், அதே தொகைக்குப் போட்டான்.

இஸ்மாயிலுக்கு வானகரத்தில் பைபாஸ் ஓரமாக டிங்கரிங் ஷெட். இடித்துக்கொண்டு வரும் கார்களைத் தட்டி நிமிர்த்துகிற வேலை. என்னைவிட இருபது வயது சின்னவன். நான் அவனை பாய் என்பேன், அவன் என்னை நைனா என்பான். அண்ணனூர் கார் ஷெட்டில் முப்பத்தைந்து வருஷம் ரயில் பெட்டிக்கு அடியில் படுத்து பிரேக் கட்டை மாற்றியவன் நான். எட்டாவதோடு படிப்பு நின்றுவிட்டது. ஆனால் பணத்தில் என்னை எவனும் ஏமாற்றியதில்லை என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தேன். அதை இஸ்மாயில் நம்பினான்.

கடன் வாங்கி இரண்டு வருஷம் முடிகிற சமயத்தில் கம்பெனியிலிருந்து அந்த ஏழு வீட்டுக்கும் கடிதம் வந்தது. எங்கள் வீட்டுக் கடிதத்தை மருமகள் ரோஷினிதான் படித்துச் சொன்னாள். வட்டி ஏழிலிருந்து ஒன்பதுக்கு மேல் போய்விட்டது. டியூவை ஏற்றிக் கட்டுகிறீர்களா, இப்போது கட்டுவதையே கட்டுகிறீர்களா? ஏற்றுவதானால் கடனில் பெயர் உள்ள எல்லோரும் கையெழுத்துப் போட்டு அனுப்ப வேண்டும்.

"ரெண்டாயிரத்து ஐந்நூறு ஏறும் மாமா. ஏத்திக்கிறதுதான் நல்லது. இல்லைன்னா வருஷத்தை நீட்டிடுவாங்க" என்றாள்.

"ஏத்துனா யாருக்கு லாபம்? அவனுக்கு. அவன் லாபத்துக்கு நான் கையெழுத்து போடணுமா?"

"அப்படி இல்ல மாமா..."

அப்போது ரோஷினியின் அம்மா நாகம்மாள் ஆரணியிலிருந்து வந்து, கூடத்தில் உட்கார்ந்து சாப்பிடத் தட்டு வைத்திருந்தார்கள். அந்தம்மாவைப் பார்த்துக்கொண்டேதான் ரோஷினியிடம் கேட்டேன்: "கம்பெனிக்காரன் உனுக்கு எவ்ளோ கமிஷன் தர்றேன்னான்? உங்க ஊட்டுக்கு இன்னா போவுது அதுல?"

ரோஷினி கடிதத்தை மடித்து மேஜையில் வைத்துவிட்டு உள்ளே போனாள். அதற்குப் பிறகு அவள் கடனைப் பற்றி என்னிடம் பேசவே இல்லை. கடிதத்தை நான் ஊறுகாய் பாட்டிலுக்கு அடியில் வைத்தேன்.

மறு மாசம் டியூ பிடித்த மெசேஜை அபிஷேக்கின் போனில் காட்டச் சொல்லிப் பார்த்தேன். அதே பதினைந்தாயிரத்து ஐந்நூறு. அதற்கடுத்த மாசமும் அதே. ஏற்றிக் கட்டுகிறோம் என்று கையெழுத்துப் போட்ட வீடுகளில் பதினெட்டாயிரம் பிடித்தான். தண்ணி லாரிக்குக் காத்துக்கொண்டு நாங்கள் கீழே நிற்கும்போது நான் சும்மா இருப்பேனா?

"ஒரு ரூபா ஏறல எனுக்கு. கம்பெனிக்காரன் கண்ண உருட்டுனா நீங்கல்லாம் பயந்துகினு கையெழுத்து போட்டீங்க. நான் போடல. என்னை இன்னா பண்ணான்?"

இரண்டாவது மாடி இராமகிருஷ்ணன் கைகூட தட்டினார். இஸ்மாயில் தன் கடிதத்தை எடுத்துவந்து காட்டினான்.

"நைனா, இத்த இன்னா பண்லாம்?"

"குப்பைல போடு பாய்."

போட்டான்.

போன மாசம் பைபாஸை அகலப்படுத்துகிறோம் என்று அவன் ஷெட்டை எடுத்துவிட்டார்கள். பூந்தமல்லியில் ஒரு இடம் அமைந்தது. கீழே கடை, மேலே வீடு. பதினோரு லட்சத்துக்கு லீஸ். மாச வாடகை கிடையாது, காலி பண்ணும்போது பணம் திரும்பி வரும். இங்கே இருக்கிற வீட்டை விற்றுக் கடனை அடைத்து, மீதியில் அந்த லீஸுக்குப் போய்விடலாம் என்று இஸ்மாயில் கணக்குப் போட்டான். வீட்டுக்கு இருபத்தாறு லட்சம் தருவதாக ஒரு ஆளும் கிடைத்தான்.

"கடன்ல இன்னும் எவ்ளோ நிக்கும் நைனா?"

நான் விரலை விட்டுத்தான் கணக்குப் போட்டேன். எனக்குத் தெரிந்த கடன் ரயில்வே சொசைட்டிக் கடன் ஒன்றுதான். அதில் இருபதாயிரம் வாங்கினால் மாசம் ஆயிரம் அசலில் கழியும், வட்டியைத் தனியாகப் பிடிப்பார்கள். பாதி மாசம் போனால் பாதிக் கடன் போனது. சர்வீஸ் முழுக்க அப்படித்தான் வாங்கினேன், அப்படித்தான் அடைத்தேன். உலகத்தில் கடன் என்றால் அதுதான் என்று இருந்தேன்.

"அஞ்சு வருசம் கட்டிட்டே. இருவதுல கால் பாகம் முடிஞ்சிது. இருவது லச்சத்துல அஞ்சு போச்சு, பதினஞ்சு நிக்குது."

"அப்ப கைக்குப் பதினொண்ணு வரும். லீஸுக்கு கரீட்டா கீது."

"கண்ண மூடிகினு வரும்."

அவன் பெண்சாதி ஜமீலா வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். "எதுக்கும் கம்பெனில ஒரு வார்த்தை கேட்டுகினு அட்வான்ஸ் குடுக்கலாமே மாமா" என்றாள்.

"ஊட்ட விக்கறேன்னு தெரிஞ்சா அவன் உனுக்குன்னு தனியா ஒரு கணக்கு எழுதுவாம்மா. நீ மொதல்ல பூந்தமல்லில முடி. அப்பால அவன்கிட்ட போலாம்."

ஜமீலா தன் வளையல்களை விற்று ஒரு லட்சம் புரட்டினாள். பூந்தமல்லிக்காரனிடம் அட்வான்ஸ் கொடுத்தார்கள். ஒரு மாசத்துக்குள் மீதிப் பணம் வராவிட்டால் அட்வான்ஸ் திரும்பாது என்று பேச்சு. வீட்டை வாங்குகிறவனோ, கடன் பாக்கி எவ்வளவு என்று கம்பெனியிடம் கடிதம் வாங்கி வா, பிறகுதான் பணம் என்றான்.

"நீயும் வா நைனா. நீ வந்தாதான் அவன் பயப்படுவான்" என்று இஸ்மாயில் கூப்பிட்டான்.

இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு போனேன். அம்பத்தூர் ஓ.டி.யில் மாடியில் இருக்கிறது ஆபீஸ். சுரேகா என்று சட்டையில் பெயர் குத்தியிருந்த ஒரு பெண், இஸ்மாயிலின் கடன் நம்பரை வாங்கித் தட்டினாள்.

"பதினெட்டு லட்சத்து அறுபதாயிரம் நிக்குது சார்."

"யம்மா, வேற யார் கணக்கையோ பாத்துகினு கீற. சரியா பாரு" என்றேன்.

"முகமது இஸ்மாயில், அண்ணனூர். இவருதுதான் சார்."

நான் எழுந்துவிட்டேன். என் குரல் எப்போதுமே பெரிசு. ரயில் பெட்டிக்கு அடியில் கத்திப் பழகிய குரல். "அஞ்சு வருசம் ஒரு மாசம் தவறாம கட்டி கீறாரு. அஞ்சு லச்சம் எங்க போச்சு? கூப்பிடு உங்க மேனேஜர. படிக்காதவன்னு நெனச்சிகினியா?"

சுற்றி இருந்தவர்கள் எல்லோரும் திரும்பினார்கள். இஸ்மாயில் எனக்குப் பின்னால் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றான். அந்தப் பெண் பயப்படவில்லை, கோபப்படவும் இல்லை. கம்ப்யூட்டரை எங்கள் பக்கம் திருப்பினாள்.

"உக்காருங்கப்பா. இவரு இதுவரைக்கும் கட்டினது ஒன்பது லட்சத்து முப்பதாயிரம். அதுல அசல்ல கழிஞ்சது ஒரு லட்சத்து நாப்பதாயிரம்."

"மிச்சம்?"

"வட்டிப்பா. வீட்டுக் கடன்ல மொத வருஷங்கள்ல கட்டுறதுல பெரும்பகுதி வட்டிக்குத்தான் போகும். அதுக்கு மேல இவருக்கு வட்டியும் ஏறிடுச்சு. இப்போ மாசம் கட்டுற பதினஞ்சாயிரத்து ஐந்நூறுல பதினாலாயிரத்து ஐந்நூறு வட்டிக்குப் போயிடுது. ஆயிரம் ரூபாதான் அசல்ல கழியுது."

"டியூ ஒரு ரூபா ஏறலியேம்மா! ஏறவே வுடல நாங்க!"

"அதனாலதாம்பா. ஏறுன வட்டிய டியூவுல வாங்கல, வருஷத்துல வாங்குறாங்க. பதினஞ்சு வருஷம் மிச்சம் இருக்கணும். இப்போ இருபத்தேழு இருக்கு. லெட்டர் அனுப்பியிருந்தாங்களே, நீங்க பாக்கலியா?"

இஸ்மாயில் என் பக்கம் திரும்பவில்லை. அதை நான் கவனித்தேன்.

"இப்டியே கட்டிகினு போனா மொத்தமா எவ்ளோம்மா ஆவும்?" என்று அவன் கேட்டான்.

"அறுபது லட்சம் ஆகும் சார்."

"இருவதுக்கா?"

"ஆமாம் சார். கடன் வாங்குன அன்னிக்கு இருந்த வட்டியே இருந்திருந்தா முப்பத்தேழோட முடிஞ்சிருக்கும்."

இருபதுக்கு முப்பத்தேழு என்பதே எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். மேஜை போட்டு உட்கார்ந்தவன் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. இருபது லட்சம் கடன் என்றால், ஏதோ வட்டியோடு சேர்ந்து இருபத்தைந்து ஆகும் என்று நினைத்திருந்தேன். எல்லோர் மேலும் சந்தேகப்படுகிற நான் கேட்டிருக்க வேண்டிய ஒரே கேள்வி அது.

"டியூவ ஏத்தியிருந்தா பதினஞ்சு லச்சம்தான் நின்னிருக்குமா?" அந்தக் கேள்வியை நான்தான் கேட்டேன். இல்லை என்று சொல்லமாட்டாளா என்று இருந்தது.

"பதினஞ்சுக்கெல்லாம் வந்திருக்காதுப்பா. பதினேழரை நின்னிருக்கும். ஆனா பதினஞ்சு வருஷத்துல முடிஞ்சிருக்கும்."

இஸ்மாயில் அப்போது சொன்னான்: "நைனாவுதும் இதே கம்பெனிதாம்மா. இதே நாளு, இதே தொகை. அதையும் பாத்துச் சொல்லு."

அந்தப் பெண் நம்பர் கேட்டாள். என் சட்டைப் பையில் அந்த நம்பர் எழுதிய சீட்டு இருந்தது. "நம்பர் ஞாபகம் இல்லம்மா" என்றேன்.

கீழே இறங்கி டீக்கடையில் நின்றோம். அவன்தான் காசு கொடுத்தான்.

"வுடு நைனா. எழுவத்தி நாலு வயசுல கடன் முடியும் எனுக்கு. அப்ப பல்லு இருக்காது, பிரியாணி செலவு மிச்சம்." அவனே சிரித்தான். நான் சிரிக்காததைப் பார்த்து, "நீயும் அதே பள்ளத்துலதானே கீற" என்று தோளைத் தட்டினான். கடன் போக அவன் கைக்கு ஏழு லட்சத்து நாற்பதாயிரம்தான் வரும். லீஸுக்கு இன்னும் பத்து லட்சம் தர வேண்டும்.

என்னைத் திட்டியிருந்தால் பதிலுக்குத் திட்டியிருப்பேன். எனக்கு அதுதான் வரும்.

வீட்டு வாசலில் ஜமீலா நின்றுகொண்டிருந்தாள். "இன்னா சொன்னாங்க? மாமா சொன்ன கணக்குதானே?"

"கம்பெனிக்காரன் பூந்து வெள்ளாடிட்டான் ஜமீலா. மூணரை லச்சம் கூட ஏத்தி வெச்சிகீறான். நைனா வுட்ட சவுண்ட நீ பாக்கணுமே! ஆபீஸே ஆடிப்போச்சு. கத்தி இன்னா, கம்ப்யூட்டர்ல அப்டித்தான் கீதுன்றான்."

அவள் உள்ளே போய் ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து என்னிடம் நீட்டினாள். "எங்களுக்காக வெயில்ல அலஞ்சீங்களே மாமா."

அப்போதே சொல்லியிருக்கலாம். சொம்பை வாங்கித் தண்ணீரைக் குடித்தேன். குடித்து முடித்து, சொம்பைக் கொடுத்துவிட்டு என் வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன்.

சாயங்காலம் பால் வாங்கக் கீழே போனால் இராமகிருஷ்ணன் பிடித்துக்கொண்டார். "கம்பெனில போய்ச் சிங்கம் மாதிரி கர்ஜிச்சீங்களாமே! பாய் சொன்னாரு. எனக்கும் இப்போ திரும்ப ஒரு லெட்டர் வந்திருக்கு நைனா. உங்கள மாதிரி குப்பையில போட்டுடலாமான்னு பாக்குறேன்." பால் பாக்கெட்டோடு மேலே வந்துவிட்டேன்.

ரோஷினி வேலையிலிருந்து வந்து பையைக்கூடக் கழற்றவில்லை. ஊறுகாய் பாட்டிலை நகர்த்தி அந்தக் கடிதத்தை எடுத்தேன். வட்டமாக எண்ணெய் இறங்கியிருந்தது. அவள் முன்னால் வைத்தேன்.

"இதுல எங்க கையெழுத்து போடணும்?"

கடிதத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "இது செல்லாது மாமா. மூணு வருஷம் ஆச்சு. புதுசா எழுதிக் கேக்கணும்."

"கேளு. போடறேன்."

"இன்னும் இருபத்தேழு வருஷம்னு சொன்னாங்களா?"

"உனுக்குத் தெரியுமா?"

"வருஷா வருஷம் எடுத்துப் பாக்குறேன்."

"ஏன் சொல்லல?"

பையைக் கழற்றி நாற்காலியில் மாட்டினாள். வர்ஷா தரையில் குப்புறப் படுத்து வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தாள். என் பேத்தி. ஒன்றாம் வகுப்பு. இந்தக் கடன் முடியும்போது அவளுக்கு வயது முப்பத்து மூன்று. அபிஷேக்குக்கு அறுபத்தைந்து. நான் இருக்கப்போவதில்லை.

"லெட்டர் வந்த அன்னிக்கு அம்மா சாப்பிடாம ஊருக்குப் போனாங்க மாமா" என்றாள் ரோஷினி. "தட்டைக் கழுவி வெச்சுட்டுப் போனாங்க." அவ்வளவுதான் சொன்னாள். வர்ஷாவின் பென்சிலைச் சீவிக் கொடுக்க உட்கார்ந்துவிட்டாள்.

அந்தத் தட்டு என்ன ஆனதென்று நான் அன்றைக்குக் கவனிக்கவே இல்லை.

என் பெயரில் போஸ்டாபீஸில் மூன்று லட்சம் இருக்கிறது. ரிட்டயர்மென்டில் வந்த பணத்தில் மிஞ்சியது. பேங்கை நம்பாமல் அங்கே போட்டேன். காலையில் என் மனைவி ராணியிடம் சொன்னபோது, "நம்ம ரெண்டு பேர் சாவுக்கு வெச்சிருந்தது அது" என்றாள். பிறகு பாஸ்புக்கை அவளே எடுத்துக் கொடுத்தாள். கீழே இராமகிருஷ்ணன் வண்டியைத் துடைத்துக்கொண்டிருந்தார். "அந்த லெட்டர்ல கையெழுத்து போட்டு அனுப்பிடு. டியூவ ஏத்திக்கோ. நான் சொன்னது தப்பு" என்றேன். "காலையிலயே ஜோக்கா நைனா?" என்று சிரித்தார். ஜோக்கு இல்லை என்று இரண்டு தடவை சொல்ல வேண்டியிருந்தது. இரண்டாவது தடவை அவர் துடைப்பதை நிறுத்திவிட்டார்.

கணக்கை முடித்துப் பணம் வாங்க இரண்டு நாள் அலையவிட்டார்கள். மஞ்சள் பையில் சுற்றி எடுத்துக்கொண்டு நேராக எதிர் வீட்டுக்குப் போனேன். இஸ்மாயில் சாப்பிட்டுக்கொண்டிருந்தான்.

"ஜமீலா, பாய் உன்கிட்ட பொய் சொல்லிகீறாரு. கம்பெனிக்காரன் அவன் கணக்கைத்தான் சொன்னான். பதினஞ்சு லச்சம்னு கணக்கு போட்டது நான். அந்த லெட்டர குப்பைல போடச் சொன்னதும் நான். முன்னாடி போய்க் கேக்காதன்னு சொன்னதும் நான்தான். இதுல மூணு லச்சம் கீது. துண்டு வுழறத இத வெச்சி முடிங்க. மெதுவா குடுங்க. வட்டி வேணாம்."

இஸ்மாயில் சோற்றுக் கையோடு எழுந்தான். "நைனா, இன்னாத்துக்கு இப்ப இதெல்லாம்?"

ஜமீலா அவனைப் பார்க்கவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். அன்றைக்குத் தண்ணீர் கொடுத்தபோது இருந்த பார்வை இல்லை அது.

"அன்னிக்கு என் கையால தண்ணி வாங்கிக் குடிச்சீங்களே" என்றாள்.

நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

"மெதுவா குடுன்றீங்க. எந்தக் கணக்குல மாமா? உங்க கணக்குலயா, கம்பெனி கணக்குலயா?"

"ஜமீலா!" என்றான் இஸ்மாயில்.

"நீங்க சும்மா இருங்க. ஊட்ட வித்துட்டு அங்க போயிக் குந்திகினு, பாதில இவருக்கு ஒரு செலவு வந்து திருப்பிக் கேட்டா எங்க போறது? ஒரு தபா இவரு வாய நம்பினோம். போதும். ஊட்ட விக்க வேணாம். மேலே ஒரு கூரையாவது நிக்கும். நீங்க யார் ஷெட்லயாவது கூலிக்குப் போங்க. டியூவ ஏத்திக் கட்டுவோம்."

இஸ்மாயில் மறுபடி தட்டுக்கு முன்னால் உட்கார்ந்தான். சொந்தமாக ஷெட் வைத்திருந்தவன். தட்டில் பாதிச் சோறு இருந்தது.

"அப்ப அந்த அட்வான்ஸு?" என்று கேட்டேன்.

"அது போச்சு. அவன் தரமாட்டான்." புடவைத் தலைப்பை இழுத்துவிட்டுக்கொண்டு சொன்னாள்: "அந்த ஒரு லச்சம் உங்க வாயால போனது. அத மட்டும் குடுங்க. கடனா இல்ல. எங்களுக்கு வரவேண்டியது அது."

பையை அவிழ்த்து ஒரு லட்சத்தைப் பிரித்து நீட்டினேன். எல்லாம் ஐந்நூறு ரூபாய்த் தாள். தரையில் உட்கார்ந்து எண்ண ஆரம்பித்தாள்.

"எண்ணாத ஜமீலா. நைனா காசு" என்றான் இஸ்மாயில்.

"நைனா போட்ட கணக்கைத்தான் எண்ணிப் பாக்காம வுட்டோம்."

என் கையால் கொடுத்த பணத்தை யாரும் என் எதிரில் எண்ணியது கிடையாது. சொசைட்டியில்கூட, தங்கராஜ் அண்ணன் கொடுத்தால் சரியாக இருக்கும் என்று என்னிடம் வாங்கியதை அப்படியே டிராயரில் போடுவார்கள். இஸ்மாயில் கையைக் கழுவுகிறேன் என்று உள்ளே போனவன் வெளியே வரவில்லை. குழாயில் தண்ணீர் விழுந்துகொண்டே இருந்தது. உட்காருங்கள் என்று ஜமீலா சொல்லவில்லை. விரலை நாக்கில் தொட்டுத் தொட்டு எண்ணினாள். பாதியில் இரண்டு தாள் ஒட்டிக்கொண்டது. கணக்கு விட்டுப்போனது போலிருக்கிறது. எல்லாவற்றையும் மறுபடி ஒன்றாக அடுக்கித் தட்டிவிட்டு, முதல் தாளிலிருந்து ஆரம்பித்தாள்.

அவள் எண்ணி முடிக்கிற வரைக்கும் நின்றேன்.